கதை என்னும் தனிமம்

மூன்றாம் ஆண்டு இயற்பியல் மாணவி

தமிழில் ‘கதை’ என்னும் சொல்லுக்கு மதிப்புக் குறைவு. ‘கதை விடாதே’ என்கிறோம். ‘கதை கட்டுகிறான்’ என்கிறோம். ‘கதை அளக்கிறாள்’ என்கிறோம். கடன் கேட்டு வருபவரை ‘உன் கதை எனக்குத் தெரியும்’ என்று திருப்பி அனுப்புகிறோம். இவை யாவற்றிலும் கதை என்றால் பொய், பொய் என்றால் வலுவற்றது என்னும் எண்ணம் அடங்கியிருக்கிறது. உண்மை கல்லைப் போன்றது. கதை காற்றைப் போன்றது என்பது நம் முடிவு. ஆனால் காற்றுக்கும் எடை உண்டு, அழுத்தம் உண்டு என்பதை அறிவியல் படித்தவர்க்குச் சொல்ல வேண்டியதில்லை. நம் ஒவ்வொருவர் தலைமீதும் அது அழுத்திக்கொண்டுதான் இருக்கிறது. எல்லாப் பக்கமும் சமமாக அழுத்துவதால் நாம் உணர்வதில்லை. கதையும் அப்படித்தானோ என்பதே நான் இங்கே எழுப்ப விரும்பும் வினா.

இவ்வினாவை வேடிக்கையாக எழுப்பிய ஒரு நூலை எங்கள் துறைப் பேராசிரியர் ஒருவர் சென்ற ஆண்டு எனக்குப் படிக்கத் தந்தார். எழுதியவர் டெர்ரி பிராட்செட் என்னும் ஆங்கில நாவலாசிரியர். 1948-இல் பிறந்து 2015-இல் மறைந்தவர். 1983 முதல் அவர் படைத்து வந்த ஒரு கற்பனை உலகம் தட்டையானது. ஒரு பெரிய ஆமையின் முதுகில் நான்கு யானைகள். யானைகளின் முதுகில் அந்தத் தட்டு. கூர்மத்தையும் திசை யானைகளையும் கேட்டு வளர்ந்த நமக்கு இவ்வமைப்பு அவ்வளவு புதிதன்று. அந்தத் தட்டுலகை வைத்து அவர் எழுதிய நாவல்கள் 41.

அவற்றுள் 1991-இல் வெளிவந்த ‘விட்சஸ் அப்ராட்’ என்னும் நாவலில் ஒரு விஞ்ஞானக் கொள்கையையே அவர் கற்பித்துக் கூறுகிறார். அக்கொள்கையின் சாரம் இது: மனிதர்கள் கதைகளை உண்டாக்குவதாக நாம் எண்ணுகிறோம், உண்மையில் கதைகளே மனிதர்களைப் பயன்படுத்திக்கொள்கின்றன. ஒரு கதை பலமுறை நடந்துவிட்டால் அது மேலும் நடக்கவே விரும்பும். செம்மண் பாதையில் மாட்டுவண்டிகள் போய்ப்போய்த் தடம் ஆழமாகிவிட்டால், பின்னால் வரும் வண்டியின் சக்கரம் தானாகவே அதில் இறங்கிவிடுகிறதல்லவா? அதுபோலத்தான். மூன்றாவது மகன் புறப்பட்டுப் போனால் அவன் வென்றே தீரவேண்டும்; ஏனெனில் முதல் இருவர் தோற்ற கதைகள் ஆயிரம் முறை நடந்தாகிவிட்டன.

படிக்கும்போது சிரிப்பு வருகிறது. ஆனால் அந்த நாவல் போகப்போகச் சிரிப்பு அடங்கிவிடுகிறது. ஜெனுவா என்னும் நகரில் அதிகாரம் செலுத்தும் ஒருத்தி, மக்கள் அனைவரையும் கதைகளின் அச்சில் வார்த்தெடுக்கிறாள். பொம்மை செய்பவன் கதைகளில் வருபவனைப் போலச் சிரித்த முகத்தோடு சீட்டியடித்துக்கொண்டு வேலை செய்யவேண்டும், தவறினால் சிறை. ஓர் ஓநாய், சிவப்புக் குல்லாய்ச் சிறுமியின் கதையில் தன் பங்கை ஆற்றுவதற்காக மனிதனைப் போல் நினைக்கும்படி திரிக்கப்படுகிறது. அது ஓநாயாகவும் வாழ முடியவில்லை. மனிதனாகவும் வாழ முடியவில்லை. தனக்கு ஒரு முடிவு கிடைத்தால் போதும் என்று கெஞ்சுகிறது. கதை இனிமையாக இருந்தால் போதாது, அதற்குள் அகப்பட்ட உயிர் என்ன ஆகிறது என்று பார்க்கவேண்டும் என்பதை அந்த ஓநாய் நினைவூட்டுகிறது.

1999-இல் இயன் ஸ்டூவர்ட் என்னும் கணித அறிஞரும் ஜாக் கோஹன் என்னும் உயிரியல் அறிஞரும் பிராட்செட்டுடன் சேர்ந்து, தட்டுலகின் விஞ்ஞானம் பற்றி ஒரு நூல் எழுதினர். அதில் இக்கொள்கைக்கு ஒரு தனிமமும் வந்து சேர்ந்தது. அதன் பெயர் ‘நாரேட்டிவியம்’. தட்டுலகில் எல்லாப் பொருளிலும் அது கலந்திருக்கிறது. பொருள்கள் கதைப்படி நடப்பதற்கு அதுவே காரணம். நாம் வாழும் உருண்டை உலகிலோ அது இல்லை. இங்கே எல்லாம் விதிகளின்படி நடக்கின்றன.

கற்பனைக் கொள்கைதானே என்று இதை விட்டுவிடலாம். ஆனால் ஒரு கொள்கையைக் கேட்டவுடன் ‘இதற்குச் சோதனை என்ன?’ என்று வினவும்படி ஆய்வுக்கூடம் எங்களைப் பழக்கியிருக்கிறது. எனவே நானும் சோதிக்கப் புகுந்தேன்.

தனிம வரிசை அட்டவணையில் இன்று 118 தனிமங்கள் உள்ளன. நாரேட்டிவியம் அவற்றுள் இல்லை. தனி ஊசலை எத்தனை முறை ஆட்டினாலும் அதன் அலைவு நேரம் நீளத்தைப் பொறுத்தே அமைகிறது. ஆட்டுபவர் மூன்றாவது மகனா, முதல் மகனா என்று அது கேட்பதில்லை. சடப்பொருள் கதை கேட்பதில்லை என்பது முதல் முடிவு.

ஆனால் சடப்பொருளை ஆராயும் மனிதன் கதை கேட்கிறான். இதற்கு இயற்பியல் வரலாற்றிலேயே சான்று உண்டு. 1914-இல் எச். ஜி. வெல்ஸ் எழுதிய ஒரு நாவலில் ‘அணுகுண்டு’ என்னும் சொல் வருகிறது. அப்போது அணுக்கரு கண்டறியப்பட்டு மூன்று ஆண்டுகளே ஆகியிருந்தன; நியூட்ரான் என்பதை எவரும் அறியார். அந்நாவலை 1932-இல் பெர்லினில் படித்தார் லியோ சிலார்டு என்னும் ஹங்கேரிய இயற்பியலறிஞர். மறு ஆண்டு, 1933 செப்டம்பரில், இலண்டன் நகரில் சவுத்தாம்ப்டன் ரோ என்னும் தெருவில் சாலையைக் கடக்கும்போது அவருக்குத் தொடர்வினை பற்றிய எண்ணம் உதித்தது. ஒரு நியூட்ரான் தாக்கி இரண்டு நியூட்ரான்கள் வெளிவரும் தனிமம் ஒன்று கிடைத்தால் அணுவின் ஆற்றலைப் பெரிய அளவில் வெளிக்கொணரலாம் என்பதே அது. 1934-இல் அதற்குக் காப்புரிமை கோரினார். அதன் விளைவு எத்தகையதாகும் என்பதை வெல்ஸின் நாவல் அவருக்குக் காட்டியிருந்தது. எனவே அக்காப்புரிமையை ஊரறிய விடாமல், 1936-இல் பிரிட்டிஷ் கடற்படைத் துறையிடம் ஒப்படைத்து இரகசியமாக்கினார்.

இங்கே கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. கதை சிலார்டை அசைத்தது, அணுவை அசைக்கவில்லை. அவர் முதலில் பெரிலியத்தின் மீது நம்பிக்கை வைத்தார். பெரிலியம் இணங்கவில்லை. 1938 டிசம்பரில் பெர்லினில் ஆட்டோ ஹானும் ஸ்ட்ராஸ்மனும் யுரேனியத்தைக் கொண்டு செய்த சோதனைக்குப் பிறகுதான் வழி திறந்தது. 1942 டிசம்பர் 2 அன்று சிகாகோவில் ஃபெர்மியின் தலைமையில் முதல் தொடர்வினை நிகழ்ந்தபோது சிலார்டும் உடனிருந்தார். எந்த அணு பிளக்கும் என்பதை இயற்கை முடிவு செய்தது. அதைத் தேடவேண்டும், தேடி மறைக்கவேண்டும் என்னும் துடிப்பில் ஒரு பங்கு கதையால் வந்தது.

ஆகவே நாரேட்டிவியத்தைப் பொருள்களுக்குள் தேடிப் பயனில்லை. மனிதர்க்கும் மனிதர்க்கும் இடையே தேடவேண்டும். அப்படித் தேடியவர் ஒருவர் உண்டு. ஆனால் அவர் நாவலாசிரியர் அல்லர். ராபர்ட் மெர்ட்டன் என்னும் அமெரிக்கச் சமூகவியலறிஞர் 1948-இல் எழுதிய ஒரு கட்டுரையில் வங்கி ஒன்றை எடுத்துக்காட்டாகக் கற்பித்தார். வங்கி நல்ல நிலையில் இருக்கிறது. ஒருநாள் அது முழுகப்போவதாக வதந்தி பரவுகிறது. பணம் போட்டவர்கள் எல்லாரும் ஒரே நாளில் வந்து வரிசையில் நிற்கிறார்கள். எந்த வங்கியும் எல்லாருடைய பணத்தையும் ஒரே நாளில் எடுத்துத் தர இயலாது, கடனாகக் கொடுத்திருக்கும். மாலைக்குள் வங்கி முழுகிவிடுகிறது. காலையில் பொய்யாக இருந்தது மாலையில் மெய்யாகிவிட்டது. வதந்தியைப் பரப்பியவன் ‘நான் அப்போதே சொன்னேனே’ என்கிறான். தன்னைத்தானே நிறைவேற்றிக்கொள்ளும் ஆரூடம் என்று இதை அழைக்கலாம்.

இந்த எடுத்துக்காட்டில் என்னைச் சிந்திக்க வைத்தவர் ஒருவர். வங்கி நன்றாக இருக்கிறது என்பதைத் திட்டமாக அறிந்த ஒரு கணக்காளர் அந்த ஊரில் இருப்பதாக வைத்துக்கொள்வோம். அவர் என்ன செய்வார்? அவரும் ஓடிவந்து வரிசையில்தான் நிற்பார். வதந்தியை அவர் நம்பவில்லை. ஆனால் மற்றவர்கள் நம்புவார்கள் என்று நம்புகிறார். அதுவே போதும். வரிசையில் நிற்கும் அனைவருமே அப்படிப்பட்டவர்களாக இருந்துவிட்டால்? ஒருவர்கூட நம்பாத வதந்தியால் ஒரு வங்கி முழுகிவிடும் அன்றோ!

கற்பனை வங்கியை விட்டு, எண்ணிக்கையோடு பதிவாகியுள்ள ஒரு நிகழ்ச்சியைப் பார்ப்போம். நமக்குப் பிரபவ முதல் அட்சய வரை 60 ஆண்டுகள் சுழல்வது போல், ஜப்பானியரிடமும் 60 ஆண்டுச் சுழற்சி ஒன்று உண்டு. அதில் ஓர் ஆண்டு நெருப்புக்குதிரை ஆண்டு. அவ்வாண்டில் பிறந்த பெண் அடங்காதவள், கணவனின் ஆயுளைக் குறைப்பவள் என்பது அங்கே வழங்கும் கதை. ஓஷிச்சி என்னும் காய்கறிக் கடைக்காரர் மகள் ஒருத்தி, காதலனைக் காண்பதற்காகத் தீ வைத்தாள் என்று 1683-இல் எரித்துக் கொல்லப்பட்டாள். அவள் 1666-ஆம் ஆண்டாகிய நெருப்புக்குதிரை ஆண்டில் பிறந்தவள் என்று சொல்லப்பட்டது. மூன்றாண்டுகளுக்குள் சாய்க்காக்கு என்னும் புகழ்பெற்ற எழுத்தாளர் அவள் கதையை எழுதினார், நாடகங்களும் தொடர்ந்தன. தடம் ஆழமாயிற்று.

அத்தடம் எவ்வளவு ஆழம் என்பது 1966-இல் தெரிந்தது. 1965-இல் ஜப்பானில் பிறந்த குழந்தைகள் சுமார் 18 இலட்சத்து 23 ஆயிரம். 1966-இல் பிறந்தவை சுமார் 13 இலட்சத்து 60 ஆயிரம். 1967-இல் 19 இலட்சத்து 35 ஆயிரம். போர் இல்லை, பஞ்சம் இல்லை, கொள்ளைநோய் இல்லை. ஓர் ஆண்டில் மட்டும் நான்கில் ஒரு பங்குப் பிறப்புகள் குறைந்து, மறு ஆண்டே மீண்டுவிட்டன. புல்லட் ரயில் ஓடத் தொடங்கி ஈராண்டு ஆகியிருந்த நாட்டில் இது நடந்தது! அதற்கு 60 ஆண்டுகளுக்கு முன், 1906-ஆம் ஆண்டுக் குதிரை ஆண்டில், கருத்தடை வசதிகள் இல்லாத பெற்றோர் வேறொன்று செய்தார்கள்: பிறந்த பெண் குழந்தையின் பிறந்தநாளை 1905 என்றோ 1907 என்றோ பதிவேட்டில் மாற்றி எழுதினார்கள்.

1966-இல் குழந்தையைத் தள்ளிப்போட்ட பெற்றோர் எல்லாரும் அக்கதையை நம்பியவர்களா? அல்லர். நாளை மகளுக்கு வரன் தேடும்போது பிள்ளை வீட்டார் ஆண்டைக் கேட்பார்களே என்று அஞ்சியவர்கள் அவர்களுள் பலர். வங்கி வரிசையில் நின்ற கணக்காளரைப் போன்றவர்கள். இதை அறிவதற்கு நான் ஜப்பானியர் எவரையும் கேட்கவேண்டியிருக்கவில்லை. இதே வரிசை எங்கள் வீட்டுத் திண்ணையிலும் நிற்கிறது.

‘ஆண் மூலம் அரசாளும், பெண் மூலம் நிர்மூலம்’ என்னும் பழமொழியை இக்கல்லூரியில் கேளாதவர் இருக்கமாட்டார். மூல நட்சத்திரத்தில் பிறந்த பெண் மாமனாருக்கு ஆகாதவள் என்பது அதன் விரிவுரை. ஆயில்யம் மாமியாருக்கு ஆகாது. கேட்டை மூத்த மைத்துனருக்கு ஆகாது. விசாகம் இளைய மைத்துனருக்கு ஆகாது. ‘ஆனி மூலம் அரசாளும், பின் மூலம் நிர்மூலம்’ என்பதே சரியான வழக்கு. அது ஆணும் பெண்ணுமாகத் திரிந்துவிட்டது என்று சொல்லும் ஜோதிடர்களும் உண்டு. எப்படியாயினும் திரிந்த வடிவமே நாட்டை ஆள்கிறது.

என் அக்காள் மூலம்.

அவள் செவிலியர் பட்டம் பெற்று, அரசு மருத்துவமனை ஒன்றில் பிரசவப் பகுதியில் பணிபுரிகிறாள். இப்போது வயது முப்பது. அவளுடைய ஜாதகம் எங்கள் வீட்டை விட்டு முதன்முதல் வெளியே போனபோது இருபத்து நான்கு. இந்த ஆறு ஆண்டுகளில் பதினொரு இடங்கள் வந்து போயிருக்கின்றன. சில, தரகர் நட்சத்திரத்தைச் சொன்னவுடனேயே நின்றுவிட்டன. சில, பெண் பார்த்து, பிடித்து, பூ வைக்க நாள் குறிக்கும் வரை வந்து நின்றன.

அப்படி வந்த ஓர் அம்மாள் என் மனத்தை விட்டு நீங்கவில்லை. என் தாயாரின் கையைப் பிடித்துக்கொண்டு அவர் சொன்னார்: “எங்களுக்கு இதிலெல்லாம் நம்பிக்கை இல்லீங்க. ஆனா நாளைக்கு எங்க வீட்டுக்காரருக்கு ஒரு தலைவலி வந்தாக்கூட, சொந்தக்காரங்க இந்தப் பொண்ணைத்தானே சொல்லுவாங்க? அது பாவமில்லையா?” அக்காவின் மீதுள்ள இரக்கத்தாலேயே அவர் அக்காவை வேண்டாமென்றார். அவரை என்னால் வெறுக்க முடியவில்லை.

அதன்பின் நான் என்னாலான ஒரு சிறு கணக்கெடுப்பு நடத்தினேன். எங்கள் தெருவிலும் உறவிலும் தெரிந்தவர்களிடம் ஒரே கேள்வியைக் கேட்டேன்: ‘மூலத்துப் பெண் வந்தால் மாமனார் இறந்துவிடுவார் என்று நீங்கள் நம்புகிறீர்களா?’ தந்தையார், “நான் நம்பலைத்தா, கேக்குறவங்க நம்புறாங்களே” என்றார். தரகர், “எனக்கென்னம்மா, பார்ட்டி கேக்குது” என்றார். ஜோதிடர், “நான் பார்த்தவரைக்கும் ஒண்ணுமில்லை; ஜனங்க விடமாட்டேங்கறாங்க” என்றார். எண்பது வயதான என் அப்பத்தாவாவது நம்புவார் என்று எண்ணிக் கேட்டேன். “எங்க காலத்துல யாருத்தா இதெல்லாம் பாத்தா? இப்பப் படிச்சவுகதான் நம்புறீக” என்று என்னையே குற்றம் சாட்டினார். நம்புகிறேன் என்று நெஞ்சில் கைவைத்துச் சொன்னவர் ஒருவர்கூட இல்லை. நம்புகிறவர் எப்போதும் அடுத்த வீட்டில்தான் இருக்கிறார்.

இந்தக் கதையின் வலிமை எங்கிருந்து வருகிறது என்பதைக் கணக்கால் பார்க்கலாம். நிலவு வானை ஒருமுறை சுற்றிவர 27 நாளுக்குச் சற்று மேல் ஆகிறது. அந்தப் பாதையை 27 பங்காக்கிய பிரிவுகளே நட்சத்திரங்கள். பிறக்கும்போது நிலவு எந்தப் பங்கில் நின்றதோ அது நம் நட்சத்திரம். ஆகவே ஏறத்தாழ 27 பேரில் ஒருவர் மூலம். 2011 கணக்கெடுப்பில் தமிழ்நாட்டுப் பெண்கள் சுமார் 3 கோடியே 60 இலட்சம். அவர்களுள் மூலம் 13 இலட்சத்துக்கு மேல் இருக்கவேண்டும். ஆயில்யம், கேட்டை, விசாகம் ஆகியவற்றையும் சேர்த்தால் 53 இலட்சம். இத்தனை பெண்களும் உறவினரைக் கொன்று குவித்திருந்தால் அதை அறிய ஜோதிடம் வேண்டாம். இறப்புப் பதிவேடு போதும். மூல நட்சத்திரமோ விருச்சிகத்தின் வாலில், நம்மிடமிருந்து நூற்றுக்கணக்கான ஒளியாண்டுத் தொலைவில் இருக்கிறது.

மகனுக்கு மணமாகும்போது தந்தைக்கு வயது ஐம்பத்தைந்து, அறுபது இருக்கும். அடுத்த இருபது ஆண்டுகளில் அவர்களுள் பலர் இறப்பது இயற்கை. மூலத்து மருமகள் இருக்கும் வீட்டில் இறந்தால் ‘பார்த்தாயா?’ என்பார்கள். அஸ்தத்து மருமகள் இருக்கும் வீட்டில் இறந்தால் அது மாரடைப்பு. முதற் சாவு கதையில் சேர்கிறது. இரண்டாவது சாவு எதிலும் சேர்வதில்லை. மூலத்துப் பெண்ணுக்குத் திருமணம் தள்ளிப்போனால் அதுவும் நட்சத்திரத்தின் குற்றம். தள்ளிப்போட்டவர்கள் நாம் என்பது எவர் கண்ணிலும் படுவதில்லை. வங்கியை மூடவைத்துவிட்டு ‘நான் அப்போதே சொன்னேனே’ என்றவனுக்கும் நமக்கும் என்ன வேறுபாடு?

ஒருநாள் எங்கள் வீட்டிலும் 1906-ஆம் ஆண்டு ஜப்பானின் நிலை வந்தது. மூலத்தின் நான்காம் பாதத்துக்குத் தோஷமில்லை என்பது ஒரு விதிவிலக்கு. அக்காள் பிறந்தது இரண்டாம் பாதத்தில். பிறந்த நேரத்தை ஆறேழு மணி நேரம் தள்ளி எழுதிப் புதிய ஜாதகம் கணித்துத் தருவதாக ஜோதிடர் சொன்னார். நட்சத்திரத்தையே மாற்றுவதில்தான் சங்கடம் இருந்தது. முன்னால் நகர்த்தினால் கேட்டை. பின்னால் நகர்த்தினால் பூராடம். பூராடத்துப் பெண் கழுத்தில் நூலாடாது என்று அதற்கும் ஒரு பழமொழி வைத்திருக்கிறோம்! அடுத்தடுத்து மூன்று நாட்கள் நம் நாட்டில் பெண்கள் பிறக்கவே கூடாது போலும்.

தந்தையார் ஒப்புக்கொள்ளும் நிலைக்கு வந்துவிட்டார். தாயாரும் அழுதுகொண்டே சம்மதித்தார். இரவுப் பணி முடிந்து வந்த அக்காள் பையைக்கூடக் கீழே வைக்காமல் கேட்டுக்கொண்டிருந்தாள். பிறகு சொன்னாள்: “அப்பா, அது நிசமா இருந்தா, மாத்தி எழுதி ஒரு மனுசனைச் சாகவிடறது பாவம். பொய்யா இருந்தா, மாத்தி எழுத வேண்டியதே இல்லையே.” அதற்கு அங்கே எவரிடமும் பதில் இல்லை.

அவள் பணிபுரியும் பிரசவப் பகுதியில் குழந்தை பிறந்த நேரத்தைக் குறிப்பவள் அவளே. “அஞ்சு நிமிசம் முன்னாடி போட்டுக் குறிங்க சிஸ்டர்” என்று காகிதமும் பஞ்சாங்கமுமாக வந்து கெஞ்சுவோர் உண்டு. அவர்களிடம் அவள் கோபிப்பதில்லை. சுவர்க் கடிகாரம் என்ன காட்டுகிறதோ அதை எழுதிவிட்டு, தாயையும் சேயையும் கவனிக்கப் போய்விடுவாள். தன் ஜாதகத்துக்கு மட்டும் வேறு கடிகாரத்தை அவள் எப்படி ஏற்பாள்?

அந்நாளுக்குப் பிறகு அவள் ஒன்றே ஒன்றை மாற்றச் சொன்னாள். முன்பெல்லாம் அவளைப் பற்றிய குறிப்பில் படிப்பு, வேலை, சம்பளம் எல்லாம் எழுதிய பிறகு கடைசி வரியில் நட்சத்திரம் இருக்கும். இப்போது முதல் வரியில் இருக்கிறது. “ஒளிச்சு வச்சாத்தானே அது பெரிசாத் தெரியுது” என்பது அவள் வாதம். அதனால் வரும் இடங்கள் குறைந்திருக்கின்றன. ஆனால் நாள் குறிக்கும் வரை வந்து முறிவது நின்றுவிட்டது. என் தாயார் பூ வாங்கி வைத்துவிட்டுக் காத்திருப்பதும் நின்றுவிட்டது.

இப்போது உறவினர் வேறு வழி சொல்கிறார்கள். நான் அஸ்தம், என் நட்சத்திரத்தின் மீது எந்தப் பழமொழியும் இல்லை. “சின்னவளை முதல்ல முடிச்சுடுங்க” என்கிறார்கள். நிலவு ஆகாயத்தில் வேறொரு பங்கில் நின்ற ஒரே காரணத்தால், படித்துப் பணிபுரிந்து என் கல்லூரிக் கட்டணத்தையும் கட்டும் ஒருத்தியைத் தாண்டி நான் முன்னே போகவேண்டுமாம். மாட்டேன் என்று சொல்லிவிட்டேன். இதில் தியாகம் ஒன்றும் இல்லை. நான் அப்படிப் போனால், ‘மூலம் என்பதால் தங்கைக்குப் பிறகும் நின்றுவிட்டாள்’ என்று அந்தத் தடம் இன்னும் ஓர் அங்குலம் ஆழமாகும். அந்த வண்டியின் சக்கரமாக நான் இருக்க விரும்பவில்லை.

பிராட்செட்டின் கொள்கைக்கு இனி என் விடையைச் சொல்கிறேன். கதை உலகை உருவாக்குகிறது என்பது சடப்பொருளைப் பொறுத்தவரை பொய். மனிதரைப் பொறுத்தவரை மெய். ஆனால் கதை தானே நடப்பதில்லை. அதற்குக் கையும் காலும் நாம் கொடுக்கிறோம். அதைவிட முக்கியமானது, அது நடப்பதற்கு நம் நம்பிக்கைகூட அதற்குத் தேவையில்லை. நம் மௌனம் போதும். ‘நான் நம்பவில்லை, ஆனால் ஊர் நம்புகிறதே’ என்று ஒவ்வொருவரும் வாய்மூடி இருந்தால், எவரும் நம்பாத ஒரு கதை 13 இலட்சம் பெண்களை ஆளும். பகுத்தறிவு நம் ஒவ்வொருவர் மனத்துக்குள்ளும் இருக்கலாம். வெளியே வராத பகுத்தறிவு வங்கி வரிசையில் நின்ற கணக்காளரின் அறிவைப் போன்றது. அதனால் வங்கி பிழைக்காது.

கதை எக்காலத்துக்கும் மாறாதது என்றும் எண்ணவேண்டாம். 1966-க்குப் பின் 60 ஆண்டு கழித்து, 2026-இல் ஜப்பானியர்க்கு அதே நெருப்புக்குதிரை ஆண்டு. இடைப்பட்ட காலத்தில் அங்கே பெற்றோர் பார்த்து முடிக்கும் திருமணங்கள் மிகச் சிறுபான்மையாகி, தாமே தேர்ந்து மணப்பவர்களே மிகப் பெரும்பாலோர் ஆகிவிட்டனர். ஆண்டைக் கேட்கும் பிள்ளை வீட்டார் இல்லையென்றால், ஆண்டுக்கு அஞ்சும் பெண் வீட்டாரும் இருக்கவேண்டியதில்லை.

நண்பர்களே! இன்னும் சில ஆண்டுகளில் உங்கள் வீடுகளிலும் தரகர் வந்து திண்ணையில் அமர்வார். மஞ்சள் தடவிய காகிதங்கள் வரும், கைப்பேசியிலும் வரும். ஏதேனும் ஒரு காகிதத்தைப் பெரியவர்கள் எடுத்து, முதல் வரியைப் பார்த்துவிட்டு, பேசாமல் அடியில் வைப்பார்கள். அந்த நேரத்தில் மனத்துக்குள் சிரித்துக்கொண்டு அமர்ந்திராதீர்கள். அடுத்த வீட்டுக்காரருக்கும் கேட்கும்படி, “எனக்கு இதில் நம்பிக்கை இல்லை, அந்தக் காகிதத்தை எடுத்து மேலே வையுங்கள்” என்று சொல்லுங்கள். சிறப்பாக, மாணவ நண்பர்கள் சொல்லவேண்டும். ஏனெனில் அந்த வீட்டில் பயப்படுவதாகச் சொல்லப்படுபவர் உங்கள் தந்தையார். அவரை நேரில் கேட்கும் உரிமை உங்களுக்கே உண்டு. பெரும்பாலும் அவரும் நம்புவதில்லை என்பதைக் கேட்டு நீங்கள் வியப்படையக்கூடும்.